சட்டம் பயின்று அச்சகம் புகுந்தவர்

நம் குடும்பங்களில் பிள்ளை பட்டம் பெற்று வீடு திரும்பியதும் பெற்றோர் கேட்கும் முதற்கேள்வி, இனி எங்கே வேலை என்பதுதான். பிழைப்பின் பொருட்டுத் தாயகம் விட்டு வந்தவர்கள் வேறு எதைக் கேட்பார்கள்? அக்கேள்வியில் குற்றம் காண்பதற்கில்லை. ஆயினும், நாம் இன்று வாழும் இம்மராட்டிய மண்ணில், ஏறத்தாழ ஒன்றரை நூற்றாண்டுக்கு முன்னர், அக்கேள்விக்கு விடையாகத் தம் கையிலிருந்த வழக்கறிஞர் பட்டத்தை மடித்து வைத்துவிட்டு, ஊதியமில்லாப் பள்ளிக்கூடத்திற்கும் கடன்பட்ட அச்சகத்திற்கும் சென்ற இளைஞர் ஒருவர் இருந்தார். அவரைத் தமிழர் யாவரும் பெயரளவில் அறிவர். பால கங்காதர திலகர் என்றவுடன், சுதந்தரம் எமது பிறப்புரிமை என்ற முழக்கமும், தலையில் சிவந்த பாகையும், தடித்த மீசையும் நம் கண்முன் நிற்கின்றன. ஆனால் அவர் சட்டம் பயின்றவர் என்பதையும், அப்படிப்பு அவரது பத்திரிகை வாழ்வில் எவ்வாறு பயன்பட்டது, எவ்வாறு அவரையே சுட்டது என்பதையும் அறிந்தோர் சிலரே. இத்திங்கள் நம் பகுதியில் அக்கதையையே சொல்லக் கருதுகிறோம்.

கொங்கணக் கடற்கரையிலுள்ள இரத்தினகிரியில் 1856-ஆம் ஆண்டு ஜூலைத் திங்கள் 23-ஆம் நாள் அவர் பிறந்தார். தந்தை கங்காதர இராமச்சந்திர திலகர் பள்ளி ஆசிரியர். வடமொழியிலும் கணக்கிலும் வல்லவர். 1866-இல் அவருக்குப் பூனாவுக்கு மாற்றல் கிடைத்தது. புணே என இன்று வழங்கும் அந்நகருக்கு வந்த சிறிது காலத்தில் தாய் மறைந்தார். 1872-இல் தந்தையும் மறைந்தார். பதினாறு வயதில் தாய் தந்தையரை இழந்து, முந்திய ஆண்டே மணமாகி, குடும்பத் தலைவனாக நின்ற பிள்ளை டெக்கான் கல்லூரியில் சேர்ந்தது. மெலிந்த உடலைத் தேற்ற வேண்டுமென்று முதலாண்டு முழுவதும் உடற்பயிற்சிக் கூடத்திலேயே கழித்து, அவ்வாண்டுத் தேர்வில் தோற்றதும் உண்டு. பின்னாளில் சிறைக் களியை உண்டு உயிர் தாங்கியதற்கு அந்த ஓராண்டே காரணம் என்று எண்ணத் தோன்றுகிறது.

கணக்கில் முதல் வகுப்பில் பி. ஏ. தேறியவர் சட்டத்திற்கு ஏன் சென்றார்? அக்காலத்தில் இந்தியன் ஒருவன் அரசாங்கத்தின் கையை எதிர்பாராமல் செல்வமும் மதிப்பும் பெறக்கூடிய தொழில் வழக்கறிஞர் தொழிலே. 1879-இல் அவர் எல்எல். பி. பட்டம் பெற்றபோது வயது 23. அந்த நாட்களில்தான் அதே கல்லூரியில் எம். ஏ. பயின்ற கோபால கணேச அகர்க்கருடன் நட்பு முதிர்ந்தது. அகர்க்கர் கொடிய வறுமையில் வளர்ந்தவர். தேர்வு முடிந்ததும் பெருஞ்சம்பளம் வருமெனக் கனவு காணவேண்டா என்று தம் தாய்க்கு அவர் கடிதம் எழுதிய செய்தி மராட்டிய வீடுகளில் இன்றும் பேசப்படுவது. அத்தாயின் மனம் என்ன பாடுபட்டிருக்கும் என்பதை நம் தாய்மார்களுக்கு நாம் சொல்ல வேண்டியதில்லை.

விஷ்ணு சாஸ்திரி சிப்ளூண்கர் என்னும் மராத்தி உரைநடை வல்லுநர் அரசாங்கப் பணியை உதறிவிட்டு வந்தார். அவருடன் கூடி 1880-ஆம் ஆண்டு ஜனவரியில் இவர்கள் பூனாவில் புதிய ஆங்கிலப் பள்ளியைத் தொடங்கினார்கள். முதலாண்டில் திலகர் ஊதியம் பெறவில்லை. பள்ளி நடக்கத் தொடங்கியதும், வகுப்பிலுள்ள பிள்ளைகளுக்கு மட்டும் கற்பித்தால் போதாது, வீட்டிலும் வயலிலும் இருப்போருக்கும் கற்பிக்க வேண்டும் என்ற எண்ணம் எழுந்தது. அதற்கு ஏடு வேண்டும். ஏட்டிற்கு அச்சகம் வேண்டும். பழைய அச்சகம் ஒன்றைத் தவணைக் கடனில் வாங்கினார்கள். ஆரிய பூஷண் என்பது அதன் பெயர். எழுத்துப் பெட்டிகளைப் புதிய இடத்திற்குக் கொண்டு செல்லக் கூலியாள் வைக்காமல் தாமே சுமந்து சென்றார்கள். அப்பெட்டிகளைத் தோளில் தூக்கிய பெருமையைத் திலகர் முதுமையிலும் மறவாமல் சொல்லி வந்தார். ஈய எழுத்து நிறைந்த பெட்டியின் பாரம் எத்தகையதென்று அச்சகத்தில் வேலை செய்தவர்களைக் கேட்டால் தெரியும்.

1881 ஜனவரி 2, ஞாயிறன்று ஆங்கிலத்தில் 'மராட்டா' வெளிவந்தது. ஜனவரி 4, செவ்வாயன்று மராத்தியில் 'கேசரி' வெளிவந்தது. இரண்டும் வார இதழ்கள். தொடக்கத்தில் ஆங்கில ஏட்டைத் திலகரும் மராத்தி ஏட்டை அகர்க்கரும் கவனித்தனர். அறிக்கையில் கையொப்பமிட்டோருள் வாமன் சிவராம் ஆப்தேயும் ஒருவர்; வடமொழி பயில்வோர் இன்றும் புரட்டும் அகராதியைத் தொகுத்தவர் அவரே. தெருவில் இரவு விளக்கு எரிவதாலும் காவலர் சுற்றி வருவதாலும் தீங்கு குறைவது போல, பத்திரிகையாளரின் எழுதுகோல் விழித்திருந்தால் அதிகாரிகள் தம் கடமையைச் செய்வர் என்னும் கருத்தை அவ்வறிக்கை சொல்லியிருந்தது. இங்கே ஒன்றை நினைவிற் கொள்ள வேண்டும். இந்திய மொழி இதழ்களுக்கு மட்டும் வாய்ப்பூட்டிட்ட 1878-ஆம் ஆண்டுச் சட்டம் அப்போது உயிரோடிருந்தது; ரிப்பன் பிரபு அதனை நீக்கியது 1882-இல். ஆங்கில ஏட்டுக்கு இல்லாத அச்சம் மராத்தி ஏட்டுக்கு இருந்த காலத்தில், சட்டம் பயின்றவர்கள் தெரிந்தே அதில் இறங்கினார்கள்.

ஓராண்டு நிறைவதற்குள் இடி விழுந்தது. கோலாப்பூர் சமஸ்தானத்தின் இளைய மன்னர் நான்காம் சிவாஜிக்குச் சித்தப்பிரமை என்று கூறி அவரைக் காவலில் வைத்திருந்தனர். மன்னர் கொடுமைப்படுத்தப்படுகிறார், இதில் திவான் மாதவராவ் பர்வேக்குக் கையுண்டு என்று ஊரில் பேச்சு. திவான் எழுதியவை எனச் சில கடிதங்கள் ஏட்டின் கைக்கு வந்தன. அவற்றை நம்பி இரு ஏடுகளும் கடுமையாக எழுதின. திவான் அவதூறு வழக்குத் தொடுத்தார். அக்கடிதங்கள் போலியானவை என்று வெளிப்பட்டது. சான்றுகளைத் தட்டிப் பார்க்கும் கலையைப் படித்துப் பட்டம் பெற்றவர், தம் மேசைக்கு வந்த கடிதத்தைத் தட்டிப் பார்க்கவில்லை! இதனை அவருடைய இளமைக்கும் மன்னர்பால் இருந்த இரக்கத்திற்கும் ஏற்றிச் சொல்லிப் பூசி மெழுகுவாரும் உண்டு. நமக்கு அது உடன்பாடன்று. பொய்க் கடிதத்தால் ஒரு மனிதரின் பெயர் கெட்டது, அது குற்றமே. திலகரும் அகர்க்கரும் அவ்வாறே கருதினர் போலும்; மன்னிப்புக் கேட்டனர். ஆயினும் 1882 ஜூலையில் நான்கு திங்கள் சிறைத்தண்டனை கிடைத்தது. பம்பாய் டோங்கிரிச் சிறையில் 101 நாட்கள் இருந்து அக்டோபர் 26-ஆம் நாள் வெளிவந்தனர். அவ்வனுபவத்தை அகர்க்கர் நூலாகவே எழுதினார். டோங்கிரி வழியாகப் பேருந்தில் செல்லும் நம்மவர்களுக்குத் தெரிந்திருக்கும். அச்சிறைக் கட்டடம் பின்னாளில் சிறுவர் காப்பகமாயிற்று. அந்த இளைய மன்னரோ 1883 டிசம்பரில் அகமத்நகரில், தம் ஆங்கிலேயக் காவலனோடு நடந்த கைகலப்பின் பின் இறந்தார். கடிதம் பொய், கொடுமை பற்றிய பேச்சு முழுதும் பொய்யன்று.

சிறையிலிருந்து ஒன்றாக வெளிவந்த நண்பர்கள் நெடுநாள் ஒன்றாக இருக்கவில்லை. சமூகச் சீர்திருத்தமே முதலில் என்றார் அகர்க்கர். அரசியல் உரிமையே முதலில் என்றார் திலகர். 1887-இல் அகர்க்கர் கேசரியை விட்டு விலகி, மறு ஆண்டு 'சுதாரக்' என்ற ஏட்டைத் தொடங்கினார். 1890-இல் திலகர், தாம் தோற்றுவித்த டெக்கான் கல்விச் சங்கத்தையும் பெர்குசன் கல்லூரியையும் விட்டு வெளியேறினார். இரண்டு ஏடுகளும் கடனோடு சேர்ந்து அவர் தலையில் வந்தன. ஏடு சோறு போடவில்லை. அப்போதுதான் மடித்து வைத்திருந்த சட்டப்பட்டம் வெளியே வந்தது. நீதிமன்றம் செல்வதற்கன்று, வழக்கறிஞர் தேர்வு எழுதுவோருக்கு வகுப்பு நடத்துவதற்கு. பகலில் மாணவர்க்குச் சட்டம் கற்பித்து, அவ்வருவாயில் வீட்டையும் அச்சகத்தையும் தாங்கினார். அவ்வகுப்பிற்குத் துணை வேண்டுமென்று 1896-இல் சாதாராவிலிருந்து வரவழைக்கப்பட்ட இளம் வழக்கறிஞரே நரசிம்ம சிந்தாமணி கேல்கர். வந்தவர் சட்டத்தை விட்டு ஏட்டோடு ஒட்டிக்கொண்டு, பின்னாளில் கேசரியின் ஆசிரியராகவே ஆனார். அந்த அச்சக மைக்கு வழக்கறிஞர்களை ஈர்க்கும் குணம் ஏதோ இருந்திருக்க வேண்டும்!

1891-இல் பெண்களின் இசைவு வயதைப் பத்திலிருந்து பன்னிரண்டாக உயர்த்தும் சட்டம் வந்தபோது திலகர் அதனை எதிர்த்தார். அந்நிய அரசு நம் வீட்டு வழக்கங்களில் தலையிடலாகாது என்பது அவர் வாதம். பெண் கல்வியிலும் அவர் ஏடு பின்னோக்கியே நின்றது. பெண்மக்களைப் படிக்க வைத்து, அவர்கள் அலுவலகம் சென்று வருவதைப் பெருமையுடன் பார்க்கும் நம் வீடுகளில் இதனை மறைத்துப் பேசுவது முறையன்று. அவ்விடத்தில் அகர்க்கரே சரியாகக் கண்டார்.

ஆனால் 1896-ஆம் ஆண்டுப் பஞ்சத்தில் திலகர் செய்ததை நினைத்தால் அவர் சட்டம் பயின்றது வீணன்று என்று தெளிகிறோம். பஞ்ச காலத்தில் அரசாங்கம் என்னென்ன செய்ய வேண்டுமென்று வகுத்த பஞ்ச நிவாரண விதிகள் ஆங்கிலத்தில் இருந்தன. வரி கட்ட மாடு கன்றை விற்றுக்கொண்டிருந்த குடியானவன் அவற்றைக் கண்டானில்லை. கேசரி அவ்விதிகளை மராத்தியில் விளக்கி எழுதியது. விளைச்சல் பொய்த்தால் தள்ளுபடி கேட்பது பிச்சையன்று, உரிமை என்று கூறியது. ஊர் ஊராக ஆட்களை அனுப்பி அதனைப் படித்துக் காட்டச் செய்தார். படிப்பறிவில்லாக் கிராமத்தானை எதிரில் உட்கார வைத்துப் பேசுவதாக எண்ணி எழுதுங்கள் என்று உடனிருந்தோரிடம் சொல்வாராம். வடமொழிப் பண்டிதர், 'ஓரியன்' என்ற பெயரில் வேதகால ஆராய்ச்சி நூல் எழுதியவர், தம் ஏட்டில் அவ்வாறு எளிய நடையைக் கைக்கொண்டது நம் தமிழ் ஏடுகளை நடத்துவோரும் கருதத்தக்கது.

பஞ்சத்தைத் தொடர்ந்து கொள்ளைநோய் வந்தது. 1897-இல் பூனாவில் நோய்த்தடுப்புப் பணிக்கென அமர்த்தப்பட்ட ராண்டு என்னும் அதிகாரி, வெள்ளைச் சிப்பாய்களை வீடுகளுக்குள் ஏவிச் சோதனை நடத்தினார். வசதியுள்ள தலைவர் பலர் ஊரைவிட்டு அகன்றபோது திலகர் அகலவில்லை. மருத்துவமனை ஏற்படுத்துவதிலும் நோயாளிகளைக் கவனிப்பதிலும் ஈடுபட்டார். சோதனையின் கொடுமையையும் ஏட்டில் கண்டித்தார். ஜூன் 22 இரவு, விக்டோரியா மகாராணியின் வைரவிழா விருந்திலிருந்து திரும்பிய ராண்டையும் அயர்ஸ்டு என்ற துணை அதிகாரியையும் சாபேகர் சகோதரர்கள் சுட்டனர். அதற்கு ஒரு வாரம் முன்பு கேசரியில் சிவாஜி விழாப் பேச்சுகளும் சிவாஜி பேசுவதாக ஒரு பாட்டும் வந்திருந்தன. கொலைக்கும் திலகருக்கும் தொடர்பு காட்ட அரசாங்கத்தால் இயலவில்லை. எனவே இந்தியத் தண்டனைச் சட்டம் 124-ஏ பிரிவின்கீழ் இராசத்துரோகக் குற்றம் சாட்டியது.

ஜாமீன் கேட்டு நின்றபோது, நீதிபதி பதுருத்தீன் தயாப்ஜி அதனை வழங்கினார். திலகருக்காக வாதாடியவர் தின்ஷா தாவர் என்ற பார்சி வழக்கறிஞர். இப்பெயரை வாசகர்கள் மறவாதிருக்க வேண்டுகிறோம். விசாரணை நீதிபதி ஸ்ட்ரேச்சி முன் நடந்தது. ஜூரிகள் ஒன்பது பேர். அவர்களுள் அறுவர் ஐரோப்பியர். இராசத்துரோகத்தின் உயிர்நிலையான சொல்லுக்கு, அரசின்பால் அன்பில்லாமையே பொருள் என்று நீதிபதி விளக்கம் தந்தார். அன்பில்லாமை குற்றமென்றால் சிறையில் இடமேது என்று அக்காலத்தில் நகைத்தவர்கள் உண்டு. ஆனால் தண்டனை நகைப்பாக இல்லை. செப்டம்பர் 14-ஆம் நாள் ஆறுக்கு மூன்றென்ற கணக்கில் குற்றவாளி என்று தீர்ப்பாகி, பதினெட்டுத் திங்கள் கடுங்காவல் விதிக்கப்பட்டது. அன்று செவ்வாய்க்கிழமை, கேசரி வெளிவரும் நாள்.

வழக்கு நடந்துகொண்டிருக்கையில் மன்னிப்புக் கேட்டுவிடலாமே என்று வங்கத்து நண்பர்கள் சிலர் எழுதினார்கள். அவ்வங்கத்தவரே வழக்கிற்கு நிதி திரட்டி உதவியவர்கள்; எனவே அது பகைவரின் ஆலோசனையன்று. திலகர் மறுத்தார். 1882-இல் மன்னிப்புக் கேட்ட அதே மனிதர்! அன்று ஏடு சொன்னது பொய்யாக இருந்தது. இன்று ஏடு சொன்னது கருத்து. இவ்விரண்டிற்கும் உள்ள வேற்றுமையை அவர் சட்ட வகுப்பில் எத்தனையோ முறை மாணவர்க்கு விளக்கியிருப்பார். மாக்ஸ் முல்லர் முதலிய அறிஞர்கள் விண்ணப்பித்ததன் பேரில், 1898 செப்டம்பரில், முழுத்தண்டனைக்கும் முன்பாகவே அவர் விடுதலையானார். அவ்வாண்டே அரசாங்கம் 124-ஏ பிரிவைத் திருத்தி இன்னும் விரிவாக்கிக்கொண்டது.

பின்னர் வந்தது 1908. முசாபர்பூரில் குண்டு வெடித்ததை ஒட்டிக் கேசரியில் வந்த கட்டுரைகளுக்காக ஜூன் 24-ஆம் நாள் பம்பாயில் கைது செய்யப்பட்டார். ஜாமீன் கேட்டு வாதாடியவர் இளம் பாரிஸ்டர் முகமது அலி ஜின்னா. ஜாமீனை மறுத்த நீதிபதியோ, பதினோராண்டுக்கு முன் இதே திலகருக்காக ஜாமீன் வாதாடிய அதே தின்ஷா தாவர்! விசாரணையில் திலகர் வழக்கறிஞரை வைத்துக்கொள்ளாமல் தாமே வாதாடினார். நீதிமன்றம் வேண்டாமென்று சென்றவரின் சட்டப்படிப்பு இறுதியில் குற்றவாளிக் கூண்டில்தான் முழுமையாக வெளிப்பட்டது. பல நாட்களாகத் தொடர்ந்த அவ்வாதம் மொத்தம் 21 மணி நேரத்திற்கு மேல் சென்றது.

அவ்வாதத்தில் நம் கருத்தை ஈர்க்கும் பகுதி ஒன்றுண்டு. கட்டுரைகள் மராத்தியில் எழுதப்பட்டவை. ஜூரிகள் படித்தவை ஆங்கில மொழிபெயர்ப்புகள். ஜூரிகளில் எழுவர் ஐரோப்பியர், இருவர் பார்சிகள். மூலத்தில் மென்மையாக நின்ற சொல் பெயர்ப்பில் வன்மையாக மாறியிருப்பதைத் திலகர் சொல் சொல்லாக எடுத்துக் காட்டினார். இன்னொரு மொழியின் ஊரில் நாள்தோறும் வாழும் நமக்கு அந்த இக்கட்டு எளிதில் விளங்கும். அலுவலகத்தில் நாம் பணிவாகச் சொன்னது மொழி மாறும்போது முரட்டுத்தனமாக ஒலித்து, விளக்கம் சொல்ல நேர்ந்த நாள் நம்மில் யாருக்கு இல்லை? நமக்கு அதனால் வருவது சிறு மனத்தாங்கல். அவருக்கு வந்தது ஆறாண்டு நாடு கடத்தல். ஜூலை 22 இரவு, ஏழுக்கு இரண்டென்ற தீர்ப்பின்மேல், தாவர் அத்தண்டனையை வழங்கினார். மறுநாள் திலகரின் பிறந்த நாள். பம்பாய் ஆலைத் தொழிலாளர் ஆறாண்டுக்கு ஆறு நாளென்று வேலைநிறுத்தம் செய்தனர்.

அதே ஜூலையில், அதற்குப் பதினைந்து நாள் முன்பு, திருநெல்வேலியில் இன்னொரு வழக்கறிஞர் தண்டனை பெற்றிருந்தார். திலகரைத் தலைவராகக் கொண்டு 1907-இல் சூரத்துக் காங்கிரசுக்குச் சென்று வந்த வ. உ. சிதம்பரம் பிள்ளையே அவர். அவருடன் சூரத்திற்குச் சென்ற சுப்பிரமணிய பாரதியார், 'இந்தியா' ஏட்டின் மேல் வழக்கு வரவே, அவ்வாண்டே புதுச்சேரி சேர்ந்தார். அந்த ஓராண்டில் மராட்டியமும் தமிழகமும் பட்ட அடி ஒரே கையினது.

திலகரைப் பர்மாவிலுள்ள மாந்தலே சிறையில் வைத்தார்கள். அங்கே பென்சிலால் எழுதியதே 'கீதா ரகசியம்'. அவர் அங்கிருக்கையிலேயே, 1912-இல், மனைவி சத்தியபாமா பூனாவில் காலமானார். எழுத்துப் பெட்டி சுமந்த நாள் தொட்டுக் கடனோடும் வழக்கோடும் குடும்பம் நடத்திய அவ்வம்மையாரைப் பற்றி வரலாறு எழுதியோர் சில வரிகளோடு நின்றுவிட்டனர். 1914 ஜூனில் திலகர் விடுதலையானார். 1916-இல் மூன்றாம் முறையாக வழக்கு வந்தது. அப்போது ஜின்னா வாதாடி உயர் நீதிமன்றத்தில் வென்றார். 1920 ஆகஸ்டு முதல் நாள் பம்பாய் சர்தார் கிருகத்தில் திலகரின் உயிர் பிரிந்தது.

நம் நகரத்து உயர் நீதிமன்றத்தில் 46-ஆம் எண் அறையின் வெளியே ஒரு சலவைக்கல் இருக்கிறது. தீர்ப்புக்குப் பின் திலகர் சொன்ன சொற்கள் அதில் பொறிக்கப்பட்டுள்ளன. அவரைத் தண்டித்த அதே நீதிமன்றத்தின் தலைமை நீதிபதியாக இருந்த எம். சி. சாக்ளா, 1956-இல், நூற்றாண்டு விழாவின்போது அதனைத் திறந்து வைத்தார். ஜூரிகள் குற்றவாளி என்றாலும் தாம் குற்றமற்றவரே என்பதும், மனிதரின் நீதிமன்றத்திற்கு மேலான ஆற்றல் ஒன்று உண்டென்பதும் அச்சொற்களின் பொருள். இந்தியத் தண்டனைச் சட்டமே 2024 ஜூலை முதல் நாள் தொடங்கி நீங்கி, வேறு சட்டம் வந்துவிட்டது. புணேயில் நாராயண் பேட்டையிலுள்ள கேசரி வாடாவுக்குச் செல்வோர் திலகரின் நினைவுப் பொருள்களை அங்கே காணலாம். கேசரி பின்னாளில் நாளேடாகி வெளிவருகிறது.

அகர்க்கரின் கதை இதில் சில வரிகளோடு நின்றுவிட்டது. முப்பத்தெட்டு வயதில் மறைந்த அவ்வறிஞரைப் பற்றியும், தாய்க்கு அவர் எழுதிய கடிதத்தைப் பற்றியும் அடுத்த இதழில் எழுதுவோம்.